சோவியத்துக்குப் பிந்திய உக்ரைன்: விளையாட்டரங்கில் ஒரு தேசத்தின் முகவரி

1994 ஆம் ஆண்டு பெப்ரவரி மாதம் 25 ஆம் திகதி. நோர்வேயில் நடைபெற்ற லில்லஹம்மர் குளிர்கால ஒலிம்பிக் விழாவில் பெண்களுக்கான பனிச்சறுக்கு நடனப் போட்டி நிறைவடைந்து பதக்கங்கள் வழங்கப்படவிருந்த நேரம். தங்கப் பதக்கத்தை வென்றிருந்தவர் உக்ரைனைச் சேர்ந்த ஒக்ஸானா பாயுல் என்ற பதினாறு வயதுச் சிறுமி. தாயை இழந்து, தந்தையின் அரவணைப்புமின்றிப் பயிற்றுநரின் வீட்டில் வளர்ந்தவர். ஆயினும் பதக்கம் வழங்கும் வைபவம் தாமதமாகியது. உக்ரைனின் தேசிய கீதம் அடங்கிய ஒலிப்பதிவை ஏற்பாட்டாளர்கள் தேடிக்கொண்டிருந்ததே அதற்குக் காரணமாகும்.

இதனை ஏற்பாட்டாளர்களின் சிறு கவனக்குறைவென ஒதுக்கிவிடலாம். ஆனால் ஏறத்தாழ 5 கோடி 20 இலட்சம் மக்களைக் கொண்டிருந்த, சோவியத் யூனியனுக்கு எண்ணற்ற வெற்றி வீரர்களை வழங்கிய ஒரு நாட்டின் கீதம் விளையாட்டுலகின் கைவசம் இருக்கவில்லை என்பது சிந்திக்க வேண்டியதொரு விடயமாகும். வீரர்களை உலகம் அறிந்திருந்தது. அவர்களது நாட்டையே அறியாதிருந்தது. கடந்த மூன்று தசாப்தங்களுக்கு மேலாக உக்ரைனின் தேசிய அணிகளும் லீக் போட்டிகளும் ஈடுபட்டு வந்திருப்பது இந்த இடைவெளியை நிரப்பும் முயற்சியிலேயே எனலாம். அம்முயற்சி எவ்வாறு தொடங்கியது, எங்கே தடுமாறியது, இன்று என்ன நிலையில் உள்ளது என்பதை நோக்குவது பயனுடையதாகும்.

சோவியத் கொடியின் கீழ்

சோவியத் யூனியனின் உதைபந்தாட்ட வரலாற்றில் ஆகக் கூடுதலான தடவைகள் சம்பியன் பட்டத்தை வென்ற கழகம் மொஸ்கோவைச் சேர்ந்ததல்ல. உக்ரைன் தலைநகரின் டைனமோ கீவ் கழகமே 13 தடவைகள் அப்பட்டத்தைச் சுவீகரித்துக் கொண்டது. இன்று லுஹான்ஸ்க் என அழைக்கப்படும் நகரின் ஸோர்யா கழகம் 1972 இலும், ட்னிப்ரோ கழகம் 1983 இலும் 1988 இலும் சம்பியனாகின. ஐரோப்பியக் கழகங்களுக்கிடையிலான கிண்ணங்களை நோக்கினால் நிலைமை மேலும் தெளிவாகும். சோவியத் காலத்தில் அத்தகைய கிண்ணமொன்றை வென்ற கழகங்கள் இரண்டேயாகும். ஒன்று, 1975 இலும் 1986 இலும் கிண்ண வெற்றியாளர் கிண்ணத்தை வென்ற டைனமோ கீவ். மற்றையது, 1981 இல் அதே கிண்ணத்தை வென்ற ஜோர்ஜியாவின் டினமோ திபிலிசி. மொஸ்கோ கழகங்கள் எவையும் அப்பேற்றைப் பெறவில்லை.

ஐரோப்பாவின் தலைசிறந்த வீரருக்கான தங்கப்பந்து விருதை 1975 இல் ஒலெக் புளோகினும் 1986 இல் இகோர் பெலனோவும் பெற்றனர். இருவரும் டைனமோ கீவ் வீரர்கள். 1988 ஆம் ஆண்டு ஐரோப்பியக் கிண்ண இறுதிப் போட்டியில் நெதர்லாந்தைச் சந்தித்த சோவியத் அணியில் பெரும்பான்மையானோர் உக்ரைனின் கழகங்களில் உருவானவர்கள். அவ்வணியின் பயிற்றுநரான வலேரி லொபனோவ்ஸ்கியும் கீவ் நகரைச் சேர்ந்தவரே.

உதைபந்தாட்டம் மட்டுமன்றி ஏனைய துறைகளிலும் இதே நிலையே காணப்பட்டது. ஹான்ட்போல் எனப்படும் கைப்பந்தாட்டத்தில் ஸ்பார்ட்டக் கீவ் பெண்கள் அணி ஐரோப்பியச் சம்பியன் கிண்ணத்தை 13 தடவைகள் வென்றது. 1976 இலும் 1980 இலும் ஒலிம்பிக் தங்கம் வென்ற சோவியத் பெண்கள் அணி அக்கழகத்தின் வீராங்கனைகளையே முதுகெலும்பாகக் கொண்டிருந்தது. கோலூன்றிப் பாய்தலில் 35 தடவைகள் உலக சாதனையைப் புதுப்பித்த செர்கெய் பூப்கா லுஹான்ஸ்கில் பிறந்து டொனெட்ஸ்கில் பயிற்சி பெற்றவர்.

இவர்கள் அனைவரையும் வெளியுலகம் ரஷ்யர்கள் என்றே பெரும்பாலும் அழைத்தது. சோவியத் என்பதும் ரஷ்யா என்பதும் ஒன்றெனக் கொள்ளும் வழக்கம் அக்காலச் செய்தி ஏடுகள் எல்லாவற்றிலும் இருந்தது. எமது மொழியின் ஏடுகளும் இதற்கு விதிவிலக்கல்ல. அதேவேளை, இவ்வீரர்களை உருவாக்கியது சோவியத் அமைப்பே என்பதையும் மறுப்பதற்கில்லை. விளையாட்டுப் பாடசாலைகள், மைதானங்கள், பயிற்றுநர் கல்வி, வீரர்களுக்கான அரச ஊதியம் ஆகிய அனைத்தையும் அவ்வமைப்பே வழங்கியது. 1991 இல் அந்த அமைப்புச் சரிந்தபோது உக்ரைனின் கையில் எஞ்சியவை வீரர்களும் கட்டடங்களும் மட்டுமே. அவற்றை நடத்துவதற்கான பணமும் சர்வதேச அரங்கில் அமர்வதற்கான ஆசனமும் இருக்கவில்லை.

மரபுரிமை யாருக்கு?

1991 ஓகஸ்ட் 24 ஆம் திகதி உக்ரைன் தனது சுதந்திரத்தைப் பிரகடனம் செய்தது. டிசெம்பர் முதலாம் திகதி நடைபெற்ற பொதுசன வாக்கெடுப்பு அதனை உறுதிப்படுத்தியது. டிசெம்பர் 8 ஆம் திகதி ரஷ்யா, உக்ரைன், பெலாரஸ் ஆகியவற்றின் தலைவர்கள் பெலோவெஷ் வனத்தில் கூடி சோவியத் யூனியன் இனி இல்லை என ஒப்பமிட்டனர். அதே நாளில் நியூயோர்க் நகரில் வேறொரு வைபவம் நடந்துகொண்டிருந்தது. 1994 உலகக் கிண்ண உதைபந்தாட்டப் போட்டிக்கான தகுதிகாண் சுற்றின் சீட்டிழுப்பே அது. அதில் இடம்பெற்ற பெயர் சோவியத் யூனியன் என்பதாகும். இல்லாதுபோன அந்நாட்டின் இடம் பின்னர் ரஷ்யாவுக்கு வழங்கப்பட்டது. உக்ரைனுக்கு அச்சுற்றில் விளையாடும் வாய்ப்பே கிட்டவில்லை.

ஓர் அரசு கலையும்போது அதன் கடன்களும் சொத்துகளும் தூதரகங்களும் பங்கிடப்படுகின்றன. ஐக்கிய நாடுகள் பாதுகாப்புச் சபையில் சோவியத் ஆசனம் ரஷ்யாவுக்குச் சென்றது போலவே, உலக உதைபந்தாட்ட அரங்கிலும் சோவியத் யூனியனின் வாரிசு ரஷ்யாவே எனக் கொள்ளப்பட்டது. கீவ் நகரின் வீரர்கள் ஈட்டிய வெற்றிகளும் பெற்றுக் கொடுத்த தரநிலையும் மொஸ்கோவின் கணக்கில் வரவு வைக்கப்பட்டன. பனிக்கட்டி ஹொக்கியிலும் இதுவே நிகழ்ந்தது. சோவியத் அணியின் இடத்தில் ரஷ்யா உயர்மட்டப் பிரிவிலேயே தொடர, உக்ரைன் 1993 இல் மூன்றாந்தரமான 'சீ' பிரிவிலிருந்து ஆரம்பிக்க வேண்டியதாயிற்று. படிப்படியாக ஏறி 1999 இல் உயர்மட்டப் பிரிவை எட்டிய அவ்வணி 2007 வரை அங்கு நிலைத்திருந்தது.

1992 இன் ஒலிம்பிக் விழாக்களில் முன்னாள் சோவியத் குடியரசுகள் ஒருங்கிணைந்த அணி என்ற பெயரில் பங்குபற்றின. பிரான்சின் அல்பேர்ட்வில் குளிர்கால விழாவில் ஒடேசா நகரின் விக்டர் பெட்ரென்கோ தங்கம் வென்றபோது ஏற்றப்பட்டது ஒலிம்பிக் கொடியே. அவ்வாண்டு கோடையில் பார்சிலோனாவில் 12 குடியரசுகளின் ஒருங்கிணைந்த அணி 45 தங்கப் பதக்கங்களுடன் முதலிடம் பெற்றது. அங்கு தனிநபர் போட்டிகளில் வென்றவர்களுக்கு அவரவர் நாட்டுக் கொடி உயர்த்தப்பட்டது. குழுப் போட்டிகளுக்கு ஒலிம்பிக் கொடியே பயன்படுத்தப்பட்டது. ஒரே வீரர் ஒரு நாள் ஒரு கொடியையும் மறுநாள் வேறொரு கொடியையும் வணங்க நேர்ந்த விசித்திரமான இடைக்காலம் அது.

இந்த இடைக்காலத்தில் வீரர்கள் பலர் தமது எதிர்காலத்தைத் தீர்மானிக்க வேண்டியவர்களாயினர். உக்ரைன் மண்ணில் பிறந்த அந்திரே கன்செல்ஸ்கிஸ், விக்டர் ஒனோப்கோ, செர்கெய் யூரான் போன்றோர் ரஷ்ய அணியைத் தெரிவு செய்தனர். இவ்வகையில் ஒலெக் சலென்கோவின் கதை குறிப்பிடத்தக்கது. லெனின்கிராட்டில் பிறந்து டைனமோ கீவ் கழகத்தில் ஆடிய அவர், 1992 ஏப்ரலில் சுதந்திர உக்ரைனின் முதலாவது சர்வதேசப் போட்டியில் பங்குபற்றியவர். இரண்டு ஆண்டுகளின் பின்னர் ரஷ்ய அணிக்காக உலகக் கிண்ணத்தில் கமரூனுக்கு எதிராக ஒரே போட்டியில் 5 கோல்களைப் போட்டுச் சாதனை படைத்தார். இவர்களைத் துரோகிகள் எனக் கூறுவது நியாயமாகாது. உதைபந்தாட்ட வீரரின் தொழில் வாழ்வு பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளே. உலகக் கிண்ணத்துக்குச் செல்லும் வழி ஒரு நாட்டுக்குத் திறந்தும் மற்றைய நாட்டுக்கு மூடியும் இருந்த நிலையில் அவர்கள் திறந்த வழியால் சென்றனர். ஆனால் உக்ரைனைப் பொறுத்தவரை அது ஒரு தலைமுறையின் இழப்பாக அமைந்தது.

சொந்த லீக், சொந்தச் சோதனைகள்

1991 இல் நடைபெற்ற இறுதி சோவியத் லீக் போட்டியின் 16 கழகங்களில் 6 கழகங்கள் உக்ரைனைச் சேர்ந்தவை. அவற்றையும் கீழ்ப்பிரிவுக் கழகங்களையும் ஒன்றுதிரட்டி 1992 இன் வசந்த காலத்தில் உக்ரைன் தனது சொந்த லீக் போட்டியை அவசர அவசரமாக ஆரம்பித்தது. 20 அணிகள் இரு பிரிவுகளாக மோதிய அக்குறுகிய பருவத்தின் இறுதிப் போட்டி ஜூன் மாதம் லிவிவ் நகரில் நடைபெற்றது. டைனமோ கீவ் இலகுவாக வெல்லும் என்றே யாவரும் எண்ணினர். மாறாக, கிறிமியாவின் தலைநகரான சிம்பெரோபோலின் தாவ்ரியா கழகம் 1 - 0 என்ற கணக்கில் வென்று சுதந்திர உக்ரைனின் முதலாவது சம்பியனாகியது. டைனமோவும் ஷக்தாரும் அல்லாத வேறெந்தக் கழகமும் அதன் பின்னர் இன்றுவரை அப்பட்டத்தை வென்றதில்லை. இந்தத் தாவ்ரியாவின் பெயரை வாசகர்கள் நினைவில் கொள்வது நல்லது. பின்னர் அதனிடம் திரும்ப வேண்டியுள்ளது.

சொந்த லீக் என்பது பெருமைக்குரியதே. ஆனால் அதனை நடத்துவது இலகுவாக இருக்கவில்லை. 1993 இல் உக்ரைனின் பணவீக்கம் 10,000 சதவீதத்தையும் தாண்டியது. தொழிற்சாலைகளும் சுரங்கங்களும் அரச திணைக்களங்களும் கழகங்களைப் பராமரிக்கும் சக்தியை இழந்தன. சிறந்த வீரர்கள் மேற்கு ஐரோப்பாவுக்கும் ரஷ்யாவுக்கும் சென்றனர். முன்னர் மொஸ்கோ, திபிலிசி, யெரெவான் எனப் பெருநகர்களின் பலம் வாய்ந்த அணிகளைச் சந்தித்த டைனமோ, சிறு நகரங்களின் வசதியற்ற அணிகளுடன் விளையாடி ஒன்பது ஆண்டுகள் தொடர்ச்சியாகச் சம்பியனாகியது. போட்டியற்ற வெற்றி ஓர் அணியை வளர்ப்பதில்லை.

அரசு விட்டுச் சென்ற வெற்றிடத்தைப் பெருஞ் செல்வந்தர்கள் நிரப்பினர். தனியார்மயமாக்கலின்போது குறுகிய காலத்தில் பெரும் சொத்துச் சேர்த்த இவர்கள் கழகங்களை வாங்கியமைக்கு விளையாட்டு மீதான பற்று மட்டும் காரணமல்ல. செல்வாக்கும் மக்கள் ஆதரவும் அதனூடாகக் கிட்டின. இதன் இருண்ட பக்கம் விரைவிலேயே வெளிப்பட்டது. 1995 ஒக்டோபரில் ஷக்தார் டொனெட்ஸ்க் கழகத்தின் தலைவர் அஹாத் பிராகின் மைதானத்திலேயே குண்டு வைத்துக் கொல்லப்பட்டார். அதே ஆண்டில் மத்தியஸ்தருக்கு இலஞ்சம் வழங்க முயன்றதாக டைனமோ கீவ் ஐரோப்பியச் சம்பியன்ஸ் லீக் போட்டியிலிருந்து வெளியேற்றப்பட்டது. அதற்கு விதிக்கப்பட்ட தடை பின்னரே தளர்த்தப்பட்டது.

எனினும் இச்செல்வந்தர்களின் பணம் பயனற்றுப் போனதெனக் கூற முடியாது. 1996 இல் ஷக்தாரின் தலைமையைப் பொறுப்பேற்ற ரினாத் அஹ்மெத்தோவின் காலத்தில் அக்கழகம் 2002 இல் முதன்முறையாக உக்ரைன் சம்பியனாகியது. 2009 மே மாதம் இஸ்தான்புல் நகரில் ஜேர்மனியின் வேர்டர் பிறேமன் கழகத்தை 2 - 1 எனத் தோற்கடித்து யூ.ஈ.எப்.ஏ. கிண்ணத்தை வென்றது. சுதந்திர உக்ரைனின் கழகமொன்று வென்ற முதலாவது ஐரோப்பியக் கிண்ணம் அதுவாகும். அதே ஆண்டில் டொன்பாஸ் அரீனா என்ற நவீன மைதானம் டொனெட்ஸ்கில் திறக்கப்பட்டது. மறுபுறத்தில், ஒருவரது பணப்பையில் தங்கியிருந்த கழகம் அப்பை மூடப்பட்டதும் வீழ்ந்ததையும் காண முடிந்தது. 2015 இல் ஐரோப்பா லீக் இறுதிப் போட்டிவரை சென்று ஸ்பெயினின் செவில்லா கழகத்திடம் 3 - 2 எனத் தோற்ற ட்னிப்ரோ, கடன் சுமையால் அடுத்த சில ஆண்டுகளிலேயே கீழ்ப்பிரிவுகளுக்குத் தள்ளப்பட்டு இறுதியில் இல்லாதொழிந்தது.

தேசிய அணி கண்ட பாதை

1992 ஏப்ரல் 29 ஆம் திகதி, மேற்கு எல்லையிலுள்ள உஷ்ஹொரொட் நகரில் சுதந்திர உக்ரைனின் தேசிய அணி முதன்முதலாகக் களமிறங்கியது. எதிரணி ஹங்கேரி. உக்ரைன் 3 - 1 எனத் தோற்றது. தகுதிகாண் சுற்றொன்றில் அதன் முதலாவது போட்டி 1994 செப்டெம்பரில் கீவ் நகரில் நடைபெற்றபோது சிறிய நாடான லித்துவேனியாவிடமும் 2 - 0 எனத் தோல்வி கண்டது. சோவியத் அணிக்கே தோள்கொடுத்த நாடு இதுவா என அந்நாட்டு மக்கள் வியந்திருப்பர்.

அரபு நாடுகளான ஐக்கிய அரபு இராச்சியத்திலும் குவைத்திலும் பயிற்றுநராகக் கடமையாற்றிவிட்டு லொபனோவ்ஸ்கி மீண்டும் டைனமோவுக்குத் திரும்பியதுடன் நிலைமை மாறத் தொடங்கியது. 1997 நவம்பரில் பார்சிலோனா கழகத்தை அதன் சொந்த மைதானத்தில் டைனமோ 4 - 0 என வென்றது. மூன்று கோல்களைப் போட்டவர் 21 வயதான அந்திரே ஷெவ்சென்கோ. 1999 இல் அக்கழகம் சம்பியன்ஸ் லீக் அரையிறுதி வரை முன்னேறியது.

தேசிய அணியின் வரலாற்றில் 1999 ஒக்டோபர் 9 ஆம் திகதி தனித்துவமானது. அன்று மொஸ்கோவில் ரஷ்யாவைச் சந்தித்த உக்ரைன், ஆட்டம் முடிவடையச் சில நிமிடங்களே இருந்தபோது ஷெவ்சென்கோ அடித்த பந்தை ரஷ்யக் கோல் காப்பாளர் தவறவிட்டதால் 1 - 1 எனச் சமநிலை பெற்றது. ரஷ்யா ஐரோப்பியக் கிண்ணத்துக்குச் செல்லும் வாய்ப்பை அந்த ஒரு கோல் பறித்தது. ஆனால் உக்ரைனும் அதனால் பயன் பெறவில்லை. மேலதிகத் தகுதிப் போட்டியில் ஸ்லோவேனியாவிடம் தோற்று வெளியேறியது. 1997 இல் குரோஷியாவிடமும், 2001 இல் ஜேர்மனியிடமும், 2009 இல் கிரேக்கத்திடமும், 2013 இல் பிரான்சிடமும் இதேபோன்று வாசல்வரை சென்று திரும்ப வேண்டியதாயிற்று.

இத்தோல்விகளுக்கிடையே ஒளிவீசிய ஆண்டு 2006. புளோகின் பயிற்றுநராகவும், 2004 இல் தங்கப்பந்து விருது பெற்ற ஷெவ்சென்கோ தலைவராகவும் விளங்கிய அணி முதன்முறையாக உலகக் கிண்ணத்துக்குத் தகுதி பெற்றது. முதற் போட்டியில் ஸ்பெயினிடம் 4 - 0 எனப் படுதோல்வி அடைந்தபோதிலும், சவூதி அரேபியாவையும் தூனிசியாவையும் வென்று, சுவிட்சர்லாந்தைப் பெனல்டி உதைகளில் வீழ்த்திக் காலிறுதியை எட்டியது. அங்கு பின்னர் சம்பியனாகிய இத்தாலியிடம் தோற்றது. தனியொரு நாடாக நின்று அடைந்த இந்நிலை, சோவியத் காலப் புகழின் நிழலிலிருந்து உக்ரைனை வெளியே கொண்டுவந்தது. 2012 இல் போலந்துடன் இணைந்து ஐரோப்பியக் கிண்ணத்தை உக்ரைன் நடத்தியது. கீவில் இறுதிப் போட்டியும், டொனெட்ஸ்கில் அரையிறுதிப் போட்டியொன்றும் நடைபெற்றன. கிழக்கும் மேற்கும் ஒரே விழாவில் இணைந்த கடைசிப் பெரும் நிகழ்வு அதுவாகவே அமைந்தது.

ஒலிம்பிக் அரங்கில் இதனைவிட முன்னதாகவே பெயர் நிலைநாட்டப்பட்டது. 1996 அட்லாண்டா விழாவில் உக்ரைன் 9 தங்கம் உட்பட 23 பதக்கங்களை வென்றது. குத்துச்சண்டையில் விளாடிமிர் கிளிச்கோவும் ஜிம்னாஸ்டிக்கில் லிலியா பொட்கோபயேவாவும் அவ்வெற்றியாளர்களில் முக்கியமானவர்கள். பின்னைய ஆண்டுகளில் ஊக்கமருந்துப் பாவனை காரணமாக ஒலிம்பிக் தங்கங்கள் பறிக்கப்பட்ட அவமானத்தையும் அந்நாடு சந்தித்தது. 2004 இல் குண்டெறிதலிலும் 2012 இல் பாரந்தூக்குதலிலும் பெற்ற தங்கங்கள் அவற்றுள் அடங்கும். பழைய சோவியத் முறையின் தீய பழக்கங்களும் மரபுரிமையாக வந்துசேர்ந்தன என்பதை நேர்மையுடன் பதிவு செய்தல் வேண்டும்.

இடம்பெயர்ந்த கழகங்கள்

ஒரு நாட்டின் லீக் அட்டவணையை ஒருவகையில் அந்நாட்டின் வரைபடமாகவும் கொள்ளலாம். எந்தெந்த நகரங்கள் ஒன்றையொன்று தம்மவராக ஏற்று, வாரந்தோறும் ஒன்றையொன்று சந்திக்கின்றன என்பதை அது காட்டுகின்றது. 2014 இல் உக்ரைனின் இந்த வரைபடம் கிழிந்தது.

அவ்வாண்டு மார்ச்சில் கிறிமியாவை ரஷ்யா தன்னுடன் இணைத்துக் கொண்டது. முதற் சம்பியனான தாவ்ரியாவும் செவஸ்தபோல் கழகமும் உக்ரைன் லீக்கிலிருந்து மறைந்தன. அவற்றின் இடத்தில் உருவாக்கப்பட்ட கழகங்களை ரஷ்யா தனது கீழ்ப்பிரிவு லீக்கில் சேர்த்துக் கொண்டபோது, ஐரோப்பிய உதைபந்தாட்ட ஒன்றியம் அதனை ஏற்கவில்லை. 2015 ஜனவரி முதல் கிறிமியக் கழகங்கள் ரஷ்யப் போட்டிகளில் பங்குபற்ற முடியாதெனத் தீர்மானித்து, அப்பிரதேசத்தை விசேட வலயமாக அறிவித்தது. இதன் விளைவாகக் கிறிமியாவுக்குள் மட்டும் ஒரு லீக் நடத்தப்பட்டது. அதில் வென்றவர்கள் செல்வதற்கு வேறு இடம் இருக்கவில்லை. தாவ்ரியாவின் ஆதரவாளர்கள் 2016 இல் கெர்சன் பிராந்தியத்தில் அக்கழகத்தை மீண்டும் அமைத்து உக்ரைனின் கீழ்ப்பிரிவுகளில் ஆடச் செய்தனர்.

கிழக்கில் போர் மூண்டதும் டொனெட்ஸ்கின் கழகங்களும் லுஹான்ஸ்கின் ஸோர்யாவும் தமது ஊர்களை விட்டு வெளியேறின. ஷக்தார் முதலில் லிவிவ், பின்னர் கார்கிவ், அதன்பின் கீவ் என நகர்ந்தது. 2009 இல் திறக்கப்பட்ட அதன் மைதானம் ஷெல் வீச்சுகளால் சேதமடைந்தது. தனது மைதானத்தில் ஐந்து ஆண்டுகளே ஆடிய அக்கழகம், அதனை விட்டுப் பிரிந்து அதன் இரு மடங்குக்கும் மேற்பட்ட காலம் கடந்துவிட்டது. லீக் சுருங்கியது. 2013 - 2014 பருவத்தை 16 கழகங்களுடன் ஆரம்பித்த பிரிமியர் லீக் சில ஆண்டுகளில் 12 கழகங்களாகக் குறைந்தது. 2015 ஐரோப்பியக் கூடைப்பந்தாட்டச் சுற்றுப்போட்டியை நடத்தும் உரிமையையும் உக்ரைன் இழந்தது. விசேட தேவையுடைய வீரர்களுக்காகக் கிறிமியாவின் யெவ்பட்டோரியாவில் அமைக்கப்பட்டிருந்த தேசியப் பயிற்சி நிலையமும் அதன் கையைவிட்டுச் சென்றது.

2022 பெப்ரவரி 24 ஆம் திகதி ரஷ்யா முழு அளவிலான படையெடுப்பைத் தொடங்கியதும் லீக் அன்றே நிறுத்தப்பட்டது. ஏப்ரலில் சம்பியன் எவருமின்றி அப்பருவம் முடிவுறுத்தப்பட்டது. மரியுபோல் கழகமும் செர்னிகிவ் நகரின் டெஸ்னா கழகமும் மீண்டும் ஆடும் நிலையில் இருக்கவில்லை. ஷக்தாரின் பிரேசில் வீரர்கள் நாட்டை விட்டுச் சென்றனர்.

இந்நிலையில் அவ்வாண்டு ஓகஸ்ட் 23 ஆம் திகதி லீக் மீண்டும் ஆரம்பமாகியது. அப்போது பார்வையாளர்களுக்கு அனுமதியிருக்கவில்லை. மைதானத்துக்கு அருகில் பதுங்குமிடம் இருத்தல் அவசியம். சைரன் ஒலித்தால் வீரர்களும் மத்தியஸ்தர்களும் பதுங்குமிடம் செல்ல வேண்டும். மறுநாள் லிவிவ் நகரில் நடைபெற்ற ருக் - மெட்டலிஸ்ட் போட்டி இவ்வாறு பல தடவைகள் இடைநிறுத்தப்பட்டு 4 மணித்தியாலம் 27 நிமிடங்களின் பின்னரே நிறைவடைந்தது. உயிருக்கே உத்தரவாதமில்லாத வேளையில் பந்துக்குப் பின்னால் ஓடுவது எதற்கு என்ற கேள்வி எழுவது இயல்பே. லீக் நின்றால் வீரர்களும் பயிற்றுநர்களும் இளைஞர் அணிகளும் சிதறிவிடுவர், சிதறிய பின் மீண்டும் ஒன்றுதிரட்ட இன்னொரு தலைமுறை வேண்டும் என்பதே அதற்கான நடைமுறைப் பதில். 1992 இன் அனுபவம் அதனை அவர்களுக்குக் கற்பித்திருந்தது.

ஐரோப்பியப் போட்டிகளில் உக்ரைன் கழகங்களின் "சொந்த மைதானம்" வெளிநாடுகளிலேயே உள்ளது. ஷக்தார் 2022 இல் போலந்தின் வோர்சோவிலும், அடுத்த பருவங்களில் ஜேர்மனியின் ஹம்பேர்க்கிலும் கெல்சன்கேர்ஷனிலும் எதிரணிகளை வரவேற்றது. 2023 நவம்பரில் ஹம்பேர்க்கில் பார்சிலோனாவை 1 - 0 என வென்றது. தேசிய அணியும் இவ்வாறே அயல்நாட்டு மைதானங்களில் ஆடுகின்றது. 2022 ஜூன் முதலாம் திகதி கிளாஸ்கோவில் ஸ்கொட்லாந்தை 3 - 1 என வென்று, நான்கு நாட்களின் பின் வேல்ஸிடம் 1 - 0 எனத் தோற்று உலகக் கிண்ண வாய்ப்பை இழந்தபோது, அவ்வணியின் உள்ளூர் வீரர்கள் பலர் மாதக் கணக்கில் லீக் போட்டி எதிலும் ஆடியிருக்கவில்லை. மறுபுறத்தில் 2022 பெப்ரவரி இறுதியில் பீபாவும் ஐரோப்பிய ஒன்றியமும் ரஷ்யாவின் தேசிய அணியையும் கழகங்களையும் போட்டிகளிலிருந்து இடைநிறுத்தின. 1991 இல் மரபுரிமை பெற்ற ஆசனம் முப்பது ஆண்டுகளின் பின் வெறுமையாகியது.

எஞ்சியிருப்பது என்ன?

போர் தொடங்கிய சில நாட்களிலேயே பெய்ஜிங்கில் ஆரம்பமான 2022 குளிர்காலப் பராலிம்பிக் விழாவில், யெவ்பட்டோரியாவை இழந்திருந்த உக்ரைன் அணி 11 தங்கம் உட்பட 29 பதக்கங்களுடன் சீனாவுக்கு அடுத்த இடத்தைப் பெற்றது. 2024 பாரிஸ் ஒலிம்பிக்குக்கு உக்ரைன் 140 வீர வீராங்கனைகளை மட்டுமே அனுப்பியது. கோடைக்கால விழாக்களில் அந்நாடு அனுப்பிய ஆகச் சிறிய குழு இதுவாகும். உயரம் பாய்தலில் யரோஸ்லாவா மகுசிக், குத்துச்சண்டையில் ஒலெக்சாந்தர் கிஷ்னியாக், வாள்சண்டையில் ஒல்கா கர்லான் தலைமையிலான பெண்கள் அணி ஆகியோர் தங்கம் வென்றனர். மொத்தம் 12 பதக்கங்கள். கீதத்தை எவரும் தேட வேண்டியிருக்கவில்லை.

ஆனால் பதக்கங்களைக் கொண்டு மட்டும் ஒரு நாட்டின் விளையாட்டை அளவிடுதல் தவறாகும். களத்தில் நின்றிருக்க வேண்டிய வீரர்களும் பயிற்றுநர்களும் நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்டுள்ளதாக உக்ரைன் அதிகாரிகள் கூறுகின்றனர். பயிற்சி நிலையங்கள் பல இடிந்து கிடக்கின்றன. இலட்சக்கணக்கான சிறுவர் சிறுமியர் அயல்நாடுகளில் வளர்கின்றனர். நாளை அவர்கள் எந்த நாட்டின் சீருடையை அணிவர் என்பது கன்செல்ஸ்கிசும் சலென்கோவும் அன்று எதிர்கொண்ட அதே கேள்வியாகும்.

தேசிய அணியொன்று உலகத்தின் அங்கீகாரத்தைப் பெற்றுத் தருகின்றது. உக்ரைன் அதனை ஈட்டிக் கொண்டுள்ளது. லீக் என்பதோ ஊர்களின் விடயம். ஒரு சிறுவன் தன் தந்தையின் கையைப் பிடித்துக்கொண்டு நடந்து செல்லக்கூடிய தூரத்தில் மைதானம் ஒன்று இருப்பதிலேயே அது உயிர்வாழ்கின்றது. ஷக்தார் இன்றும் டொனெட்ஸ்க் என்ற பெயருடனும், ஸோர்யா இன்றும் லுஹான்ஸ்க் என்ற பெயருடனும் ஆடுகின்றன. 2014 இல் டொனெட்ஸ்கில் பிறந்த குழந்தை இன்று பந்து விளையாடும் வயதை எட்டிவிட்டது. தன் ஊரின் பெயரைத் தாங்கிய கழகம் தன் ஊரில் ஆடியதை அது ஒருபோதும் கண்டதில்லை. அப்பெயர் எத்தனை ஆண்டுகளுக்கு ஓர் ஊரைக் குறிக்கும், எப்போது வெறும் நினைவாக மாறும் என்பதற்கு விளையாட்டுச் சம்மேளனங்களிடம் விடையில்லை. அவ்விடை போரை நிறுத்தும் அதிகாரம் படைத்தோரின் கைகளிலேயே தங்கியுள்ளது.